அறுபதுக்குக் கீழே

செத்துப்போன புருஷனை மறக்காமல் வைத்திருக்க, எங்கள் கோர்ட் வாசலில் அன்றைய விலை நானூற்று ஐம்பது ரூபாய். பிள்ளையைப் பறிகொடுத்தவர்கள் என்றால் நூறு குறைத்துக்கொள்வேன். அவர்களிடம் எனக்கு அதிகம் வேலை இருக்காது. பங்காளியோடு வரப்புத் தகராறு என்று வருகிறவர்களிடம் வாங்குவதே இல்லை. அவர்கள் வரும்போதே கொதித்துக்கொண்டுதான் வருவார்கள். கிட்டே போனால் என்னையும் ஒரு எதிர்மனுதாரராகச் சேர்த்துவிடுவார்கள்.

என் பெயர் காசிமாயன். தொழில், சூடேற்றுவது. கோர்ட்டின் மேற்கு வாசலில், ஜெராக்ஸ் கடைக்கும் இளநீர் வண்டிக்கும் நடுவே இரண்டு ஸ்டூல், ஒரு நோட்டு, தோளில் ஒரு துண்டு. அவ்வளவுதான் கடை. மனுதாரர் உள்ளே போவதற்குப் பத்து நிமிடம் முன்பு என் எதிரே வந்து உட்காருவார். நான் அவரைத் திட்டுவேன். கண்டபடி இல்லை, கேஸ் கட்டைப் படித்துவிட்டு, எங்கே தொட்டால் எரியுமோ அங்கே தொட்டுத் திட்டுவேன். கொதித்தபடி உள்ளே போவார். உள்ளே சூட்டை அளக்கிற மானியில் தேறிவிட்டு வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு நன்றி சொல்வார். உலகத்தில் திட்டு வாங்கியவன் காசும் கொடுத்துக் கும்பிடும் போடுகிற தொழில் வேறு எது இருக்கிறது?

என் அப்பா மாட்டுத் தரகர். சந்தையில் விலையை வாயால் பேசமாட்டார்கள். இரண்டு பேர் கையின் மேலும் துண்டைப் போட்டு மூடிவிட்டு, உள்ளே விரலைப் பிடித்துத்தான் பேரம். அப்பா விரலை மட்டும் பிடிக்கமாட்டார். சுண்டுவிரலை நீட்டி மெதுவாக மணிக்கட்டையும் தொட்டுக்கொள்வார். விற்கிறவனுக்கு எவ்வளவு அவசரம் என்று நாடி சொல்லிவிடும். அந்த வித்தை எனக்கும் வந்தது. இப்போது மாடு இல்லை, மணிக்கட்டு இருக்கிறது. மானி என்ன காட்டப் போகிறது என்பதை, ஆள் உள்ளே போகும் முன்பே இரண்டு புள்ளி முன்னே பின்னே சொல்லிவிடுவேன்.

நாகஜோதி என் ஸ்டூலில் வந்து உட்கார்ந்தது அவளுடைய முப்பத்து மூன்றாவது வாய்தா அன்று. முப்பத்தைந்து வயதிருக்கும். இஸ்திரி போட்ட பருத்திச் சேலை, மடியில் கேஸ் கட்டு, அதன் மேல் சாப்பாட்டு டப்பா.

"அண்ணே, நீங்க என்ன செய்வீங்கன்னு வக்கீலம்மா சொன்னாங்க. ஏன் செய்யணும்னுதான் எனக்கு இன்னும் புரியல. முப்பத்தி ரெண்டு வாய்தாவுக்கும் நான் வந்துருக்கேன். காய்ச்சலோட வந்துருக்கேன். இதுக்கு மேல கேஸை எப்படி நடத்தறது?"

"தாயி, நீ வந்தியான்னு சட்டம் இப்பக் கேக்கலை. உனக்கு இன்னும் வேணுமான்னு கேக்குது."

"வேணுங்கறதாலதான வர்றேன்?"

"அப்படித்தான் நானும் நினைப்பேன். ஆனா கோர்ட்டுல கோடிக்கணக்குல மனு தேங்கிப் போச்சா? எடுத்துப் பார்த்தா பாதி மனுவுல, போட்டவனுக்கே போட்டது மறந்து போச்சு. ஒருத்தன் எதிராளி பொண்ணையே கட்டிக்கிட்டு, வாய்தாவுக்கு மாமனாரோட ஒரே வண்டியில வந்து இறங்குறான். சரி, யாருக்கு நிஜமாவே வேணுமோ அவங்க கேஸை மட்டும் நடத்துவோம்னு மூணு வருஷம் முன்னாடி முனைப்புமானியைக் கொண்டாந்தாங்க. உன் கையிலயும் மாட்டினாங்கல்ல, அந்தக் காப்புதான். மனுவோட முதல் பத்தியைக் குமாஸ்தா வாசிப்பார். அதைக் கேக்கறப்ப உள்ள எவ்வளவு சூடு ஏறுதுன்னு அது காட்டும். அறுபது தாண்டினா உனக்கு முனைப்பு இருக்கு. மூணு வாய்தா தொடர்ந்து அறுபதுக்குக் கீழே போனா, கேஸை நடத்தத் தவறியதால் தள்ளுபடி."

"கம்பெனிக்காரங்களுக்கு மட்டும் ஏன் காப்பு மாட்டறதில்ல?"

"எதிர்மனுதாரருக்கு மானி கிடையாது. அவங்களுக்கு வேணும்னு ஒண்ணும் இல்லையே, வேண்டாம்னுதான இருக்கு."

அவள் சிரித்தாள். சிரித்ததுமே எனக்குத் தெரிந்துவிட்டது, இது லேசில் வேகாது என்று.

கேஸ் இதுதான். வாழைத்தாருக்கான குளிர்பதனக் கிடங்கு ஒன்றில் ஒரு மதியம் இரண்டு பத்துக்கு அமோனியா கசிந்தது. ஐந்து பேர் செத்தார்கள். இயந்திரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தவன் நாகஜோதியின் புருஷன் அழகுராஜா. கசிவு அலாரத்தை அவன் தூக்கத்துக்கு இடைஞ்சல் என்று சத்தம் வராமல் அமர்த்தி வைத்திருந்தான், அதனால்தான் ஐந்து சாவு என்று கம்பெனி அறிக்கை எழுதி முடித்தது. மற்ற நாலு பேரும் அதே ஊர். நாகஜோதி தெருவில் போனால் கதவு சாத்தினார்கள். அவள் மகளைப் பள்ளிக்கூடத்தில் 'நாலு பேரைக் கொன்னவன் மக' என்றார்கள். நாகஜோதி நஷ்ட ஈடு கேட்கவில்லை. அலாரத்தின் பதிவேட்டைக் கோர்ட்டுக்குக் கொண்டுவந்து, யார் அமர்த்தியது என்று ஒரு வரி சொல்லுங்கள் என்றுதான் மனு.

போன இரண்டு வாய்தாவில் ஐம்பத்தெட்டு, ஐம்பத்தாறு. இன்று தவறினால் முடிந்தது.

நான் வேலையைத் தொடங்கினேன். "உன் புருஷன் மெஷினைப் பார்க்கச் சம்பளம் வாங்கிட்டு, மெஷினுக்குப் பக்கத்துலயே குறட்டை விட்டானாமே?"

"குறட்டை விடுவார்ணே. வீட்டுல. தெரு முக்கு வரைக்கும் கேக்கும். வேலைக்குப் போனா சாப்பிட்டபிறகு கூட உக்கார மாட்டார். பயந்த சுபாவம்."

"நாலு பேரைக் கூட்டிக்கிட்டே போயிட்டானே. அங்கேயும் துணைக்கு ஆள் வேணும்னா?"

"தனியா எங்கேயும் போகமாட்டார், அது நிஜம்தான்" என்றாள் அமைதியாக.

துண்டை எடுத்து அவள் கையின் மேல் போட்டு, சுண்டுவிரலை வைத்தேன். ஐம்பத்து நாலு. கோவில் குளம் மாதிரி கிடந்தது நாடி.

"தாயி, கோபப்படும்மா!"

"ரெண்டு வருஷமா கொஞ்சங்கொஞ்சமா விட்டுட்டேன்ணே. கோபம் இருந்தப்ப என்னால சோறு பொங்க முடியல. பொண்ணு தலையைப் பின்னிவிட்டா முடியைப் பிடிச்சு இழுத்துருவேன். இப்படியே போனா கேஸை நடத்த நான் இருக்க மாட்டேன்னு தோணுச்சு. அதனால கோபத்தை விட்டேன். கேஸை விடல."

உள்ளே போனாள். காப்பு மாட்டினார்கள். குமாஸ்தா வாசித்தார். மானி ஐம்பத்து நாலில் நின்றது. நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, மனுதாரர் வழக்கைத் தொடர்ந்து நடத்த முனைப்புக் காட்டாமையால் மனு தள்ளுபடி செய்யப்படுகிறது என்றார்.

"ஐயா, நான் இங்கேதான் நிக்கறேன்" என்றாள் நாகஜோதி.

"நிற்கிறீங்கம்மா. எனக்குத் தெரியுது" என்றார் நீதிபதி. கெட்ட மனுஷன் இல்லை. "மானிக்குத் தெரியலை."

வெளியே வந்ததும் கம்பெனி வக்கீல் ஜெயச்சந்திரன் அவள் பக்கம் வந்து, மெய்யான கரிசனத்தோடு, "மனசைத் தேத்திக்கிட்டீங்க, நல்லதும்மா. இனி வாழ்க்கையைப் பாருங்க" என்று சொல்லிவிட்டுக் காரில் ஏறினார்.

எனக்கு ஒரு நேர்மை உண்டு; தேறாவிட்டால் கூலி வாபஸ். பணத்தை நீட்டினேன். அவள் வாங்கவில்லை.

"வச்சுக்கிருங்க. அடுத்த தடவைக்கு."

"அடுத்த தடவை ஏது தாயி? தள்ளுபடி ஆயிருச்சு."

"ஆயிருச்சு. சரி. அடுத்து என்ன செய்யணும்?"

அடுத்து என்ன என்பதை அவளுடைய இலவச சட்ட உதவி வக்கீல் மெஹராஜ் பேகம், டீக்கடை பெஞ்சில் வைத்துச் சொன்னார். முப்பது நாளுக்குள் மனுவை மீட்க மனு போடலாம். அன்றைக்கு அறுபது தாண்ட வேண்டும். மீட்ட பிறகு மூன்று தடவை சலுகை கிடையாது. ஒரே ஒரு வாய்தா சறுக்கினாலும் மொத்தமாகப் போய்விடும்.

"உன் கட்டுல சீட்டைப் பார்த்தேன், உனக்குத் தூக்கத்துக்கு இலவசமா மருந்து குடுத்த டாக்டர் இருக்காரே" என்றேன் நான். "அவர் கிளினிக்குக்கு யார் வாடகை கட்டறான்னு விசாரிச்சியா? கம்பெனியோட நலப் பிரிவு. உனக்குத் தையல் மெஷின் குடுத்த சங்கமும் அவங்க காசுதான். எதிராளியைச் சந்தோஷமா வச்சுட்டா கேஸ் தானா அணைஞ்சிரும். இப்ப எல்லாக் கம்பெனியும் இதைத்தான் செய்யறான்."

இதைக் கேட்டாவது கொதிப்பாள் என்று ஒரு நப்பாசை. அவள் டீயை ஆற்றினாள்.

"இருக்கட்டும்ணே. நான் தூங்கினது நிஜம்தான. தூங்கினதாலதான் இத்தனை வாய்தா நிமிர்ந்து நிக்க முடிஞ்சது. அவங்க காசுல நான் தெம்பாயிருக்கேன். அதுக்கு ஏன் கோபப்படணும்?"

மெஹராஜ் பேகம் என்னைப் பார்த்தார். நான் மெஹராஜ் பேகத்தைப் பார்த்தேன்.

அப்போதுதான் வாசலில் அந்தச் சத்தம்.

சத்தம் புதிதல்ல. முத்துப்பேச்சி என்று அறுபது வயசுக்காரி, கருவாட்டு வியாபாரம். கசிவில் செத்த சுமைத்தொழிலாளி கோகுலின் அம்மா. நாகஜோதியின் வாய்தா எப்போதெல்லாம் வருகிறதோ, அப்போதெல்லாம் அதே பஸ்ஸில் வந்து இறங்கி, வாசலில் நின்று, அவளையும் அவள் செத்த புருஷனையும் திட்டுவாள். நான் தொழில்முறையில் சொல்கிறேன், அந்த மாதிரி ஒரு வாய் என் அனுபவத்தில் இல்லை. சில நாள் நான் பாடம் கேட்கிற மாதிரி நின்று கேட்டிருக்கிறேன்.

தள்ளுபடியானதைக் கேட்டுச் சந்தோஷப்படுவாள் என்றுதான் நினைத்தோம். அவளோ கேட் கம்பியைப் பிடித்து உலுக்கிக்கொண்டிருந்தாள்.

"தள்ளுபடியா? என்னடா தள்ளுபடி? அப்ப எம்மவனைக் கொன்னது இவ புருஷன்தான்னு எவன்டா எழுதித் தருவான்? அந்த வார்த்தையைக் கேக்கத்தானடா இத்தனை வருஷமா பஸ் ஏறி வர்றேன்!"

நாகஜோதி டீ கிளாஸை வைத்தாள். "வக்கீலம்மா, செத்துப்போனவங்க குடும்பம் யாரு வேணும்னாலும் மனுதாரரா சேரலாமா?"

"சேரலாம். மனுதாரர்கள்ல ஒருத்தர் அறுபது தாண்டினாப் போதும்" என்றார் மெஹராஜ் பேகம். சொல்லி முடிக்கும்போதே அவர் குரல் மெதுவானது. அவரும் வாசலைத் திரும்பிப் பார்த்தார்.

மறுநாள் காலை கருவாட்டுச் சந்தைக்கு நாகஜோதியோடு நானும் போனேன். கூலி பேசவில்லை. வேடிக்கை பார்க்கிற ஆசை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அவளைப் பார்த்ததும் முத்துப்பேச்சி தராசைக் கீழே வைத்தாள்.

"பெரியம்மா..."

"அந்த வார்த்தையைச் சொன்னே, நாக்கை இழுத்து நெத்திலியோட காயப்போட்டுருவேன்."

"சரி, சொல்லல. ஒரு கையெழுத்து வேணும். கேஸ்ல நீங்களும் மனுதாரரா சேரணும்."

"உன் புருஷனைக் காப்பாத்தவா?"

"அலாரத்தை அமர்த்தினது யாருன்னு கேக்க. எனக்குத் தெரியணும்கறதும் அதுதான், உங்களுக்குத் தெரியணும்கறதும் அதுதான். பதில் மட்டும்தான் ஆளுக்கு ஒண்ணா வச்சிருக்கோம். கேள்வி ஒண்ணுதான."

முத்துப்பேச்சி ஒரு வாடிக்கையாளரைக் கையசைத்து விரட்டினாள்.

"எங்கிட்ட கோபம் தீர்ந்து போச்சுங்க" என்றாள் நாகஜோதி. "உங்ககிட்ட இருக்கு. அதை எம்மேலயே வச்சுக்கிருங்க, எம்புருசன் மேலயே வச்சுக்கிருங்க. நான் ஒண்ணும் மாத்தச் சொல்லல. வாசல்ல நின்னு திட்டறதை உள்ள வந்து நின்னு திட்டுங்க."

இருபது வருஷமாகப் பேரத்தில் இருக்கிறேன். இப்படி ஒரு சரக்கை, இப்படி ஒருத்தி, இப்படிக் கேட்டு நான் பார்த்ததில்லை.

"பதிவேடு வந்து, உன் புருஷன்தான்னு ஆயிட்டா?"

"நீங்க சொல்லுங்க."

"ஊரை விட்டுப் போயிரணும். பொண்ணோட. அன்னிக்கே."

நாகஜோதி ஒரு மூச்சு இழுத்தாள். "போயிர்றேன்."

நான் துண்டை உதறினேன். பேரம் முடிந்தால் கை பிடிக்க வேண்டும், அது முறை. இருவர் கையையும் துண்டுக்குள் சேர்த்து, தரகன் கையை மேலே வைத்தேன். ஒரு பக்கம் ஐம்பத்து நாலு. மறுபக்கம் என் விரலே சுட்டது. இரண்டு கையும் வெவ்வேறு விதத்தில் உறுதியாக இருந்தன; எது அதிகம் என்று கேட்டால், மானி ஒன்றைச் சொல்லும். நான் வேறொன்றைச் சொல்வேன்.

மீட்பு மனு முப்பத்து நாலாவது வாய்தா. ஜெயச்சந்திரன் எழுந்து, "இந்த அம்மா முதல் மனுதாரரை ஜென்ம விரோதியா நினைக்கிறவங்க. அவங்க கோபம் எங்க மேலே இல்லை, பக்கத்தில் நிற்கிறவங்க மேலே. இதை எப்படி முனைப்பாக எடுத்துக்கொள்வது?" என்றார்.

நீதிபதி சட்டப் புத்தகத்தைப் புரட்டினார். "யார் மேலே கோபம்னு மானி கேட்கிறதில்லை, வக்கீல் சார். சட்டமும் கேட்கலை. உங்க கட்சிக்காரங்கதானே இந்தச் சட்டத்தை அன்னிக்கு வரவேற்று அறிக்கை விட்டாங்க?"

முத்துப்பேச்சிக்குக் காப்பு மாட்டினார்கள். குமாஸ்தா வாசித்தார்: "மேற்படி தேதியில் மதியம் இரண்டு பத்துக்கு அமோனியா கசிந்தபோது பணியிலிருந்து இறந்தோர்: அழகுராஜா, இயந்திரப் பணி..." மானி எழுபதில் நின்றது. "...கோகுல், சுமைப்பணி, மாற்று ஆள்..."

தொண்ணூற்றொன்று.

குமாஸ்தா காப்பைத் தட்டிப் பார்த்தார். பழுதில்லை. மனு உயிர் பெற்றது.

அதற்குப் பிறகுதான் எனக்குத் தலைவலி தொடங்கியது. ஊரிலிருந்து கோர்ட்டுக்கு ஒரே பஸ். இரண்டு பேரும் அதில்தான் வர வேண்டும். முதல் தடவை முத்துப்பேச்சி முன் படிக்கட்டுப் பக்கம், நாகஜோதி கடைசி சீட். மூன்றாம் தடவை நடுவில் ஒரு சீட்தான் இடைவெளி. முப்பத்தெட்டாவது வாய்தா அன்று நான் பார்த்த காட்சியில் கையில் இருந்த நோட்டு கீழே விழுந்தது. வேப்பமரத்தடியில் ஒரே டப்பாவிலிருந்து இரண்டு பேரும் எலுமிச்சைச் சோறு தின்றுகொண்டிருந்தார்கள்.

"என்னக்கா இது?" என்றேன்.

"உப்புப் பத்தலை" என்றாள் முத்துப்பேச்சி. "இவளுக்கு எப்பவுமே உப்புக் கம்மிதான்."

"எப்பவுமேவா? அப்ப இது எத்தனையாவது தடவை? அக்கா, தயவுசெஞ்சு கொஞ்சம் தள்ளி உக்காருங்க. கேஸ் முடிஞ்சதும் ஒரே இலையில சாப்பிடுங்க, நானே பரிமாறறேன். இப்ப ஒருத்தரை ஒருத்தர் பிடிச்சுப் போச்சுன்னா எல்லாம் போச்சு!"

"யாருக்குப் பிடிச்சுப் போச்சு? பசிச்சது, தின்னேன்."

அவள் கையில் துண்டைப் போட்டு நாடி பார்த்தேன். ஐம்பதுகூட இல்லை. வயிறு நிறைந்த குழந்தையின் நாடி. பயத்தில் நான் என் தொழிலைச் செய்தேன். அவள் மகனைப் பற்றி வாயைத் திறந்தேன். பாதி வாக்கியம்தான். முத்துப்பேச்சி என்னைப் பார்த்த பார்வையில் மீதியை விழுங்கினேன்.

"அவனைப் பத்தி நீ பேசாத தரகா. உள்ள போய் உக்காரு. எனக்குத் தெரியும்."

உள்ளே மானி ஐம்பதுக்குப் பக்கத்தில் தயங்கி நின்று, குமாஸ்தா அதே இடத்துக்கு வந்ததும் எகிறியது. தொண்ணூற்றொன்று. நான் அந்த இடத்தைக் கவனித்துக்கொண்டேன். அழகுராஜா பெயர் வரும்போது ஒன்றும் ஆகவில்லை. கோகுல் பெயருக்குக்கூட ஒன்றும் இல்லை. 'மாற்று ஆள்' என்ற இடத்தில்தான் ஏறியது. மாட்டின் எந்தப் பல்லைத் தொட்டால் விலை குறையும் என்று பார்த்து வளர்ந்தவனுக்கு இது கண்ணில் படாமல் போகாது. ஆனால் கேட்கவில்லை. ஓடுகிற வண்டியைத் திறந்து பார்க்கிற பழக்கம் எனக்கில்லை.

நாற்பத்து மூன்றாவது வாய்தாவில், கம்பெனிக்குச் சொல்லச் சாக்கு எல்லாம் தீர்ந்துபோய், பதிவேடு வந்தது. மெஹராஜ் பேகம் கையில் வாங்கிப் படித்தார். அலாரம் அமர்த்தப்பட்டது மதியம் பன்னிரண்டு ஐம்பதுக்கு. அமர்த்தியது தலைமை அலுவலகத்திலிருந்து வந்த கட்டளை. காரணம் என்ற கட்டத்தில், ஏற்றுமதிக் கண்டெய்னர் புறப்படும்வரை தடங்கல் கூடாது என்று இருந்தது. அதற்குக் கீழே மூன்று வரி. கிடங்கிலிருந்து அலாரத்தைத் திரும்ப இயக்க முயற்சி, மறுக்கப்பட்டது. ஒன்று ஐந்து, ஒன்று நாற்பது, இரண்டு ஏழு. மூன்றிலும் அழகுராஜாவின் எண்.

"மூணு தடவையா?" என்று நாகஜோதி கேட்டாள்.

"மூணு தடவை."

அவள் அழவில்லை. வலது கையை விரித்து, ஒவ்வொரு விரலாக மூன்றை மடக்கிப் பார்த்தாள். "சொன்னேனேண்ணே, பயந்த சுபாவம்னு" என்றாள்.

முத்துப்பேச்சி முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு பஸ்ஸுக்கு நடந்தாள். அன்று பஸ்ஸில் இருவரும் ஒரே சீட்டில் போனார்கள். நான் அன்றே கணக்குப் போட்டுப் பார்த்தேன். தீர்ப்பு அடுத்த வாய்தாவுக்கு. அதற்கு முன்பும் மானி உண்டு. ஒரே ஒரு சறுக்கல் போதும், பதிவேடு மறுபடி கம்பெனி அலமாரிக்குள் போய்விடும். யார் மேல் கோபத்தை வைத்து முத்துப்பேச்சி வந்தாளோ, அவன் நிரபராதி. இனி அவளிடம் ஏது சூடு? ஜெயச்சந்திரனும் அதே கணக்கைத்தான் போட்டிருக்க வேண்டும். அந்த வாரமே அவள் வீட்டுக்குப் பழக்கூடை போனதாகக் கேள்வி.

நாற்பத்து நாலாவது வாய்தா அன்று காலை அவள் கையில் துண்டைப் போட்டேன். நாற்பத்தெட்டு.

"அக்கா..."

"பேசாம இரு."

"கம்பெனி மேலயாவது கோபப்படுக்கா!"

"படணும்தான். எங்க போய்ப் படறது? முகத்தைப் பார்த்திருக்கேனா? ஒருநாளாவது வந்து நின்னிருக்கானா? ஒட்டவே மாட்டேங்குது, விட்டுத் தள்ளு. நான் தேறிருவேன்."

காப்பு மாட்டினார்கள். நாகஜோதிக்கு ஐம்பத்து மூன்று. முத்துப்பேச்சிக்குக் குமாஸ்தா வாசிக்கத் தொடங்கினார். தேதி, மதியம் இரண்டு பத்து, அழகுராஜா. மானி நாற்பதுகளில் கிடந்தது. ஜெயச்சந்திரன் பேனாவை மூடினார். "கோகுல், சுமைப்பணி..." ஐம்பத்திரண்டு. நான் துண்டை வாயில் வைத்துக் கடித்தேன்.

"...மாற்று ஆள்."

தொண்ணூற்றொன்று.

நீதிபதி தீர்ப்பை வாசித்தார். நீளமான தீர்ப்பு, எங்களுக்கு வேண்டிய வரி நடுவில் இருந்தது. அலாரத்தை அழகுராஜா அமர்த்தவில்லை; எதிர்மனுதாரர் நிறுவனமே அமர்த்தியது; அதை இயக்க அவர் மும்முறை முயன்றார். நாகஜோதி அந்த ஒரு பக்கத்துக்கு மட்டும் நாலு நகல் கேட்டாள். கதவு சாத்திய வீட்டுக்கு ஒன்று.

பஸ்ஸுக்கு நேரமிருந்தது. டீக்கடை பெஞ்சில் மூவரும் உட்கார்ந்தோம். நகல் வாங்கப் போன நாகஜோதி அப்போதுதான் வந்து உட்கார்ந்திருந்தாள். என்னால் அதற்கு மேல் அடக்க முடியவில்லை.

"அக்கா, காலையில உங்க நாடி நாப்பத்தெட்டு. உள்ள தொண்ணூத்தொண்ணு. யார் மேலக்கா அது?"

முத்துப்பேச்சி டீயைக் குடித்து முடித்தாள். கிளாஸைக் கழுவ வைக்கிற வாளிக்குப் பக்கத்தில் சரியாக வைத்தாள்.

"அன்னிக்கு அவனுக்கு லீவு. எவனோ கல்யாணத்துக்குப் போறான்னு மாத்தாளு கேட்டாங்க. இவன் வரல, படுத்துக்கிறேன்னான். நான்தான் போர்வையை உருவி எறிஞ்சேன். வயசுப் பையன் பகல்ல படுக்கறதான்னு வாசல் வரைக்கும் திட்டிக்கிட்டே போனேன். சாப்பிடாமப் போனான்."

இடுப்பில் செருகியிருந்த சுருக்குப் பையை எடுத்து டீக்காசை எண்ணி வைத்தாள்.

"இவ புருஷன் கொன்னான்னு நினைச்சிருந்தப்ப, அதுல பாதியை அவன் தலையில போட்டு வச்சிருந்தேன். தாங்க முடிஞ்சது. அதான் அவன்தான்னு கோர்ட்டு சொல்லணும்னு அலைஞ்சேன். இப்ப அவன் இல்லைன்னு ஆயிருச்சு. முழுசும் எனக்கே வந்துருச்சு." சேலைத் தலைப்பை உதறிக்கொண்டு எழுந்தாள். "பேரத்துல அவன்தான்னா இவ ஊரை விட்டுப் போகணும்னு இருந்தது. அவன் இல்லைன்னா நான் போகணும், அதான நியாயம். அக்கா வீடு கம்பத்துல இருக்கு. நாளைக்குக் கிளம்பறேன்."

நாகஜோதி என் பக்கம் திரும்பினாள். "அண்ணே, நீங்கதான தரகர். பேரத்துல அப்படி இருந்துச்சா?"

"இல்லை" என்றேன். "துண்டுக்குள்ள அப்படி ஒரு விரல் மடங்கவே இல்லை."

"கேட்டீங்கள்ல? இல்லாததைச் சேர்க்கக்கூடாது. நாலு வீட்டுக்கு நகல் குடுக்கணும், ஒரு வீடு உங்களுது, மீதி மூணு வீட்டுக்கு நான் தனியாப் போனா கதவு திறக்கமாட்டாங்க. நீங்க வரணும்." அவள் எழுந்து முத்துப்பேச்சியின் கூடையை எடுத்துக்கொண்டாள். "பஸ் வருது, வாங்க பெரியம்மா."

நாக்கை இழுத்துக் காயப்போடுவதாகச் சொன்னவள் கூடையின் மறுபக்கக் காதைப் பிடித்துக்கொண்டாள். இருவரும் முன் படிக்கட்டில் ஏறினார்கள். நகர்ந்த பஸ்ஸின் ஜன்னல் வழியாக, நாகஜோதியின் அந்த நானூற்று ஐம்பது ரூபாயை அவள் மடியில் போட்டேன். திட்டு வேலை செய்யாத கூலி என் பெட்டியில் இருக்கக்கூடாது.

ஸ்டூலுக்குத் திரும்பி வந்து, நோட்டில் அந்தக் கேஸின் பக்கத்தை எழுதி முடித்தேன்.

வாய்தா மொத்தம், நாற்பத்து நாலு.

நாகஜோதி வந்தது நாற்பத்து நாலு. அதில் முனைப்பு இல்லை என்று மானி சொன்னது பதினான்கு.

முத்துப்பேச்சி வந்ததும் நாற்பத்து நாலு. வாசலில் முப்பத்து மூன்று, உள்ளே பதினொன்று.

எதிர்மனுதாரர் நேரில் வந்தது, சைபர்.

கூலி வரவு நானூற்று ஐம்பது, திருப்பியது நானூற்று ஐம்பது. சரி.

முத்துப்பேச்சி சூடு, தொண்ணூற்றொன்று. அதற்கு நேரே 'தீர்ந்தது' என்று எழுதப் போன பேனாவை எடுத்துவிட்டு, 'நிலுவை' என்று எழுதினேன்.